தங்கச்சியைச் சும்மா ஏற்றிக்கொண்டு போனவர்

பிள்ளைகளா, உங்கள் அம்மாவின் வலது மணிக்கட்டு முழுதாகத் திரும்பாது என்பது உங்களுக்குத் தெரியும். நடுவில் கொஞ்ச காலம் மாமா நம் வீட்டுப் பக்கமே வராமல் இருந்ததும் பெரியவளுக்கு ஞாபகம் இருக்கலாம். இரண்டும் ஒரே சங்கதிதான். உங்களுக்குத் தெரிந்திருக்கட்டும் என்று எனக்குத் தெரிந்த மாதிரி எழுதுகிறேன்.

எனக்கு அப்போதும் கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில்தான் காண்ட்ராக்ட் வேலை. அம்மா குத்தகை நிலத்தில் கத்திரிக்காய் போட்டிருந்தாள். பறித்ததை மூட்டை கட்டி வைத்தால், அவள் அண்ணன், அதாவது உங்கள் மாமா, தன் குட்டியானை சரக்கு வண்டியில் ஏற்றி ஊத்துக்கோட்டை மார்க்கெட்டுக்குக் கொண்டுபோவார். அம்மா முன்னால் அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொள்வாள். அன்றைக்கும் அப்படித்தான். மாமா வேகமாகத்தான் ஓட்டியிருக்கிறார். எருமை ஒன்று குறுக்கே வர, ஒடித்துத் திருப்பினார். வண்டி கால்வாயில் சாய்ந்தது. மாமாவுக்குச் சிராய்ப்பு. அம்மாவுக்குக் கை.

போலீஸ் கேட்டபோது மாமா ஒரே வார்த்தைதான் சொன்னார்: தங்கச்சியைச் சும்மா ஏற்றிக்கொண்டு போனேன். ஆஸ்பத்திரியில் மயக்கம் தெளிந்த அம்மாவும், எங்கள் அண்ணன் என்ன சொன்னாரோ அதுதான் என்றுவிட்டாள். அன்பில் சொன்னது. அதுதான் பிறகு எங்கள் கழுத்தைப் பிடித்தது.

கைக்கு முதலில் செய்தது போதாது, இன்னொரு ஆபரேஷன் வேண்டும் என்றார்கள். நஷ்டஈடு கேட்டுத் திருவள்ளூர் கோர்ட்டில் மனு போட்டோம். இந்த மாதிரி கேஸில் வண்டிக்காரரை முதல் எதிர்மனுதாரராகவும் இன்சூரன்ஸ் கம்பெனியை இரண்டாவதாகவும் போடுவது வழக்கம். அது எனக்குப் புரிந்தது, மாமாவுக்குப் புரியவில்லை. கோர்ட் நோட்டீஸில் தன் பேரைப் பார்த்ததும், கூடப் பிறந்தவளே தன் மேல் கேஸ் போட்டுவிட்டாள் என்று நினைத்தார். வருவதை நிறுத்திவிட்டார். மனுவைத் திருப்பி வாங்கிவிடுங்கள், கை இப்படியே இருக்கட்டும் என்று அம்மா அழுதாள்.

அதற்குள் கம்பெனி பதில் போட்டது. சரக்கு வண்டியில் ஓசியில் ஏறி வந்தவருக்கு நாங்கள் பொறுப்பில்லை என்று. அப்படியானால் மொத்தமும் மாமா தலையில் விழும். பிழைப்புக்கு அவருக்கு இருந்தது அந்த ஒரு வண்டிதான்.

எங்கள் வக்கீல் ஒரு பெண்; வக்கீலம்மா என்றுதான் கூப்பிடுவோம். அவர் மேஜை முன்னால் உட்கார்ந்து அழும்போதுதான் உங்கள் அம்மா, அத்தனை கத்திரிக்காயும் கால்வாயில் போச்சே என்றாள். வக்கீலம்மா பேனாவை வைத்துவிட்டு, எந்தக் கத்திரிக்காய் என்று கேட்டார். அப்புறம் எனக்கு விளக்கினார். சரக்கு வண்டியில் சும்மா ஏறினவருக்குத்தான் இன்சூரன்ஸ் கிடையாது. தன் சரக்கோடு முன்சீட்டில் போகிறவருக்கு உண்டு. வாடகை வாங்கினாரா இல்லையா என்பதில்லை, சரக்கு யாருடையது என்பதுதான் கேள்வி. ஆனால் அதை வண்டிக்காரர் வாயால் கோர்ட்டில் சொல்ல வேண்டும்.

நான் மாமா வீட்டுக்குப் போய் விவரம் சொன்னேன். வண்டியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். "கோர்ட்ல என் பேர ஏத்திட்டீங்க மச்சான். இன்னும் இன்னா வேணும்?" என்றார். துணியைப் பிழிந்து போட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். சொல்வாரா மாட்டாரா என்று தெரியாமலேதான் வாய்தா அன்றைக்குப் போனோம்.

மாமா வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு கூண்டில் ஏறினார். எங்கள் பக்கம் பார்க்கவில்லை. கம்பெனி வக்கீல் எழுந்து, வாடகை எதுவும் வாங்காமல் சும்மாதானே கூட்டிப் போனீர்கள் என்றார்.

"தங்கச்சி சார் அது. அதுகிட்ட வாடக வாங்குவனா?"

அவ்வளவுதான் கேட்க வேண்டியது என்று கம்பெனி வக்கீல் உட்கார்ந்துவிட்டார். அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். எங்கள் வக்கீலம்மா எழுந்து, வண்டியின் பின்னால் என்ன இருந்தது என்று கேட்டார். மாமா கைப்பிடிக் கட்டையைப் பார்த்தபடி சொன்னார்.

"கத்திரிக்கா மூட்டம்மா. தங்கச்சிதுதான். நாந்தான் ஏத்தனேன்."

"மூட்டையை நீங்களே இறக்கிப் போடலாமே. அவங்க எதுக்கு வந்தாங்க?"

"எறக்கிடுவேன். வெல பேச எனக்கு வராது. மார்க்கெட்ல என்னை ஏச்சிடுவானுங்க. அது போய் நின்னாதான் அடங்குவானுங்க."

கோர்ட்டில் சிரித்தார்கள். நீதிபதியும் லேசாகச் சிரித்தார். பிறகு, இதை ஏன் போலீஸில் சொல்லவில்லை என்று அவரே கேட்டார். மாமாவின் குரல் இறங்கிவிட்டது.

"மூட்டன்னு சொன்னா வாடக கேட்டியான்னு கேப்பாங்கய்யா. கூடப் பொறந்தவகிட்ட டப்பு வாங்கினு ஓட்றான்னு ஊர்ல பேராயிடும். அதான் சும்மான்னேன்."

கம்பெனி வக்கீல், இது இப்போது ஜோடித்த கதை என்றார். ஆனால் மாமா சொன்ன விதத்தில் ஜோடனை இல்லை என்பது அங்கே இருந்த எல்லோருக்கும் தெரிந்தது. கால்வாயில் மிதந்த காயை அள்ளிக் கரையில் போட்ட பக்கத்து வயல்காரரும் வந்து சாட்சி சொன்னார்.

தீர்ப்பு வந்தபோது கம்பெனிதான் கொடுக்க வேண்டும் என்று சொன்னார்கள். ஆபரேஷனுக்கு வழி பிறந்தது. அம்மா அதைப் பற்றிக் கேட்கவில்லை. "எங்க அண்ணன் பேரு அதுல இன்னும் இருக்குதா மேடம்? அடிச்சிட முடியாதா?" என்றுதான் கேட்டாள். பேரு இருக்கும்மா, அதனால் அவருக்கு ஒன்றும் வராது என்று வக்கீலம்மா எவ்வளவோ சொல்லியும் அவளுக்குத் திருப்தியில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை மாமா தானாகவே வந்தார். கையில் உங்களுக்கு முறுக்குப் பொட்டலம். அம்மா ஒன்றும் கேட்காமல் எல்லோருக்கும் இலை போட்டாள். சோற்றைப் போடக் கரண்டியை எடுத்தால் வலது கை திரும்பவில்லை. அண்ணனுக்கு இடது கையால் போட அவளுக்கு மனசு வரவில்லை. கரண்டியோடு அப்படியே நின்றாள்.

"குடு இங்க. கோர்ட்ல உன்ன பத்தி அவ்ளோ பேசினேன், ஒரு கரண்டி சோறு போட்டுக்க மாட்டனா?" என்று மாமா அதை வாங்கிக்கொண்டார். முதலில் அம்மாவின் இலையில் போட்டார். பிறகு தன் இலையில் போட்டுக்கொண்டார்.