ஆசானின் ஒட்டுமீசை

கடல் கடந்து, மாசி என்னும் புறநகரில் என் மகன் வீட்டுப் பூஜை அலமாரியில், மயில்மீது அமர்ந்த முருகன் சிலையின் காலடியில் ஓர் ஒட்டுமீசை இருக்கிறது. "மாமா, சாமி பக்கத்துல எலி செத்துக் கெடக்குன்னு அலறிட்டேன்," என்றாள் மருமகள், முதன்முதலில் பார்த்தபோது.

அது எங்கள் ஆசானுடையது. திருவனந்தபுரத்தில் மலையாள நாடகக் குழு நடத்தியவர்; திரைக்குப் பின்னே முருகன் துதிகள் பாடுவது என் வேலை. வெள்ளையர் காலத்தில் விடுதலை நாடகம் போட்டதற்காக அவரைப் பிடித்துச் சென்ற இன்ஸ்பெக்டர், மீசையை முடி முடியாகப் பிடுங்கினார். இடப்பக்கம் பிறகு முளைக்கவே இல்லை.

விடுதலை வந்தது, இன்ஸ்பெக்டருக்கு ஒரு கேடும் வரவில்லை. ஆகவே ஆசானே தண்டித்தார். எந்த நாடகமானாலும் ஒரு போலீஸ்காரன் வருவான். ஒட்டுமீசையோடு அந்த வேடத்தை அவரே கட்டுவார். வலக்காலை அரைவட்டமாக வீசி வைக்கும் இன்ஸ்பெக்டரின் அதே நடை, மூன்றடிக்கு ஒரு கனைப்பு. இன்ஸ்பெக்டர் தெருவில் கனைத்தால் கடைகளில் சிரிப்பு எழும் நிலை வந்தது. முதுமையில் இன்ஸ்பெக்டர் ஒப்பனை அறைக்கே வந்து கைகூப்பினார். ஆசான் கண்ணாடியிலிருந்து திரும்பவில்லை. "மணி அடிச்சாச்சு, ஸாரே," என்றார்.

பகைவனான சூரனையும் மயிலாக்கி ஆட்கொண்டவனல்லவா முருகன் என்றேன் நான்.

"மயிலாக்கிட்டு எந்தா செய்தான், பாட்டுக்காரா? மேலே ஏறி இருந்தான். நானும் இறங்கமாட்டேன்."

இறங்காமலே மறைந்தார். மீசை என்னிடம் வந்தது.

சென்ற மாதம் இங்கே, மவுண்ட் ஆல்பர்ட் பள்ளி மண்டபத்தில் இந்தியச் சுதந்திர தின விழா. நிறைவில் மங்களம் பாட என்னை அழைத்திருந்தார்கள். அழைப்பிதழில் பேச்சாளரின் வீட்டுப்பெயரைக் கண்டதுமே அவர் அந்த இன்ஸ்பெக்டரின் பேரன் என்று அறிந்தேன். மீசையைச் சட்டைப்பையில் எடுத்துச் சென்றேன். தம் தாத்தா நாடகக் கலைஞர்களை லாக்கப்பில் காத்தவர் என்றார் பேரன். கைதட்டினார்கள்.

என் முறை வந்தது. நான் பாடவில்லை. மீசையை உதட்டின்மேல் அழுத்திப் பிடித்தபடி மேடையின் குறுக்கே நடந்தேன். அரைவட்டம், அரைவட்டம், அரைவட்டம், கனைப்பு.

முன்வரிசையில் பேச்சாளரின் தாய், அந்த இன்ஸ்பெக்டரின் மகள், எழுந்துவிட்டாள். "அச்சன்!" அவள் தலை குனியும் என்று காத்திருந்தேன். அவளோ கண்ணீரோடு சிரித்தாள். "என்டெ அச்சன்தன்னே! ஒன்னுகூடி நடக்காமோ, சேட்டா?"

இன்னொரு முறை நடக்கக் கேட்டாள். எனக்கு வயது எண்பத்திரண்டு. அந்த நடையை அறிந்த நடிகர் எவரும் இன்று உயிரோடில்லை. அவளுடைய தகப்பனை அவளுக்குக் காட்டவோ மறைக்கவோ என் ஒருவனால்தான் முடியும்.

மீசையைப் பையில் வைத்துக்கொண்டேன். என் சொந்த நடையில், நேராக, இருக்கைக்குத் திரும்பினேன்.

இன்று காலையும் மீசைக்கு அருகே விளக்கேற்றினேன். என்னை மன்னிக்கும்படி முருகனிடம் வேண்டவில்லை. அவனும் இன்னும் மயிலைவிட்டு இறங்கவில்லை.