எண்பது எழுத்துக்கு மேல் இடமில்லை

எண்பது எழுத்து அகலத்துக்குள் ஊரார் அட்டவணைகளை எல்லாம் அடக்கிக் காட்டுகிறேன் என்று ஒப்புக்கொள்கிற முட்டாளுக்குத்தான் கம்ப்யூட்டர் ஆபரேட்டர் என்று பெயர். எண்பதுகளின் கடைசியில் தருமபுரியில் நான் அந்த முட்டாளாக இருந்தேன். கலெக்டர் ஆபீஸ் போகும் வழியில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட் நடத்திவந்த கரீம் பாய், பாதி மிஷின்களை விற்றுவிட்டு ஒரு கம்ப்யூட்டரும் பிரிண்டரும் வாங்கிப்போட்டு என்னை உட்கார வைத்தார். பிரிண்டர் ஒரு வரிக்கு எண்பது எழுத்துதான் அடிக்கும். வருகிற அட்டவணையோ நூறு எழுத்துக்குக் குறையாது. நீங்களும் எங்காவது கட்டம் கட்டமாக அடித்து, கடைசிக் கட்டம் தாளுக்கு வெளியே போவதைப் பார்த்தவரென்றால் என் வயிற்றெரிச்சல் சொல்லாமலே புரியும்.

கீழே விழுந்த ரிசல்ட்

முதல் வாரமே நல்லம்பள்ளிப் பக்கத்திலிருந்து ஒரு தலைமையாசிரியர் மார்க் லிஸ்ட் கொண்டுவந்தார். பெயர், பாடங்கள், மொத்தம், கடைசியில் பாஸா ஃபெயிலா என்று ஒரு கட்டம். அந்தக் கடைசிக் கட்டம் வரியில் இடம் கிடைக்காமல் கீழே இறங்கி, அடுத்த பையன் பெயருக்கு முன்னால் போய் நின்றுகொண்டது. நான் அதைக் கவனிக்கவே இல்லை. பிரிண்டர் ஓடுகிற அழகைப் பெருமையாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். தலைமையாசிரியர் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

"பரவால்லைங்க தம்பி, கிளாஸ்லயும் இவனுங்க ஒருத்தன் மேல ஒருத்தன் சாஞ்சுதான் உக்காந்திருப்பானுங்க."

கூழான டைம் டேபிள்

இதைப் படிக்கிற இந்தக் காலத்துக்காரர்கள் கட்டத்தின் ஓரத்தைப் பிடித்து இழுத்தால் அகலமாகும் என்று நினைப்பார்கள். எங்கள் சாஃப்ட்வேருக்குக் கட்டம் என்றால் என்னவென்றே தெரியாது. எழுத்து, நடுவில் வெற்றிடம், அப்புறம் ஒரு செங்குத்துக் கோடு, அவ்வளவுதான். ஒரு கட்டத்தில் இரண்டு எழுத்து குறைக்க வேண்டுமானால் அறுபது வரியிலும் தனித்தனியாகப் போய்க் குறைக்க வேண்டும். வரிகளைச் சேர்த்துப் பத்தியாக ஒழுங்குபடுத்த மட்டும் இரண்டு பட்டனைச் சேர்த்து அமுக்கினால் போதும்.

ஒரு தனியார் பஸ் கம்பெனி மேனேஜருக்கு டைம் டேபிள் அடித்தேன். ஒரு பகல் முழுக்க உட்கார்ந்து எல்லா வரியையும் குறைத்து எண்பதுக்குள் கொண்டுவந்துவிட்டேன். முடித்த சந்தோஷத்தில் கை தவறி அந்த இரண்டு பட்டன் மேல் பட்டுவிட்டது. ஊர்ப் பெயர், நேரம், கோடு எல்லாம் ஒன்றாகக் கலந்து ஒரே பத்தியாக நின்றது. பழையபடி ஆக்க எந்த வழியும் கிடையாது. அதையே அடித்து நீட்டினேன். மேனேஜர் அந்தக் கூழைப் பொறுமையாகப் படித்தார்:

"இதப் பாத்து வண்டி ஓட்டுனா, அதியமான்கோட்டை வர்றதுக்கு முன்னாடியே நல்லம்பள்ளி வந்துருமுங்க."

எறும்பும் மஞ்சள் தூளும்

பாய் மேனுவலைப் புரட்டி ஒரு வழி கண்டுபிடித்தார். பிரிண்டருக்கு ஒரு கட்டளை கொடுத்தால் எழுத்தை நெருக்கிப் பொடியாக அடிக்கும், நூற்று முப்பது எழுத்து வரை கொள்ளும். மாங்கன்று விற்கிற ஒருவருக்கு ரகம், இடைவெளி, காய்க்கிற பருவம் என்று பெரிய பட்டியலை ஒரே தாளில் அடித்துக் கொடுத்துக் காலரைத் தூக்கி விட்டுக்கொண்டேன். அவர் அதைச் சுவரில் ஒட்டினார். பொடி எழுத்து வேண்டாம் என்றவர்களுக்கு இரண்டு தாளாக அடித்துக் கோந்து போட்டு ஒட்டிக் கொடுத்தோம். கோந்து காய்ந்ததும் வலது பாதி கழன்று விழுந்தது, திட்டு மட்டும் எங்களோடு ஒட்டிக்கொண்டது. அடுத்த வாரம் மாங்கன்றுக்காரர் வந்தார்:

"செவுத்துல எறும்பு போவுதுன்னு எங்க வூட்டுல மஞ்சத்தூள் தூவிட்டாங்க தம்பி."

எல்லாரும் மெச்சிய லிஸ்ட்

ஏழைப் பெண்களுக்குத் தையல் மிஷின் கொடுக்கிற ஒரு டிரஸ்ட்டின் செயலாளர் அம்மா, கையால் எழுதிய நாற்பது பெயர்களோடு வந்தார். அவருக்கு மூன்று நிபந்தனை. பொடி எழுத்து கூடாது, ஒட்டு கூடாது, எல்லாம் ஒரே தாளில் வரவேண்டும். மறுநாள் கமிட்டி கூடுகிறது, அவர்கள் இந்த லிஸ்ட்டைப் பார்த்துத்தான் ஆர்டர் போடுவார்கள் என்றார்.

அப்பா பெயரையும் புருஷன் பெயரையும் இனிஷியல் ஆக்கினேன். ஊர்ப் பெயரைச் சுருக்கினேன். அப்படியும் பதினோரு எழுத்து மிஞ்சியது. கடைசியில் 'குறிப்பு' என்று ஒரு கட்டம், அகலம் சரியாகப் பதினோரு எழுத்து. கையெழுத்துப் பிரதியின் முதல் பக்கத்தைப் பார்த்தேன். இரண்டே பேருக்குத்தான் ஏதோ எழுதியிருந்தது. ஒன்றில் போட்டோ இல்லை, இன்னொன்றில் விலாசம் மாறிவிட்டது. இதற்கா ஒரு கட்டம் என்று அதை அப்படியே நீக்கிவிட்டேன். பாயிடமும் கேட்கவில்லை, அந்த அம்மாவிடமும் சொல்லவில்லை. லிஸ்ட் தாளில் கச்சிதமாக உட்கார்ந்தது. செயலாளர் அம்மாவுக்கு முகமெல்லாம் சிரிப்பு:

"இத்தன நாள்ல இப்பத்தாங்க ஒரு லிஸ்ட்டு லிஸ்ட்டு மாதிரி இருக்குது."

மாதம்மாளின் கட்டம்

ஒரு மாதம் கழித்து ஒரு பெண் இரண்டு கக்கத்திலும் கட்டை ஊன்றிக்கொண்டு கடைப் படியேறி வந்தாள். அதியமான்கோட்டை, பெயர் மாதம்மாள், முப்பது வயது இருக்கும். இளம்பிள்ளை வாதத்தில் இரண்டு காலும் சூம்பிப் போயிருந்தன. அவளுக்கும் மிஷின் வந்துவிட்டது, காலால் மிதிக்கிற மிஷின். "கை மிஷின் வேணும்னு எழுதிக் குடுத்தேனுங்கண்ணா. கேட்டா, லிஸ்ட்டுல அப்பிடி ஒண்ணும் இல்லீன்னு சொல்றாங்க. லிஸ்ட்டு இங்கதான் அடிச்சதாமே" என்றாள்.

கையெழுத்துப் பிரதியைத் தேடி எடுத்தேன். இரண்டாம் பக்கத்தில், முப்பத்தோராவது பெயருக்கு நேரே, குறிப்புக் கட்டத்தில் தெளிவாக எழுதியிருந்தது: கால் ஊனம், கை மிஷின். நான் அந்தப் பக்கத்தில் அந்தக் கட்டத்தைப் பார்க்கவே இல்லை. பாயும் நானும் அன்றைக்கே டிரஸ்ட்டுக்கு ஓடி, தப்பு எங்களுடையது என்று எழுதிக் கொடுத்தோம். வந்த மிஷின் எல்லாம் கொடுத்தாகிவிட்டது, இந்த மாடலுக்குக் கைப்பிடி மாட்ட முடியாது, அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார்கள். திரும்பி வந்து, கடையிலேயே காத்திருந்த அவளிடம் அதைச் சொன்னேன். அவள் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை. அந்தக் கட்டம் எங்கே இருந்தது என்று கேட்டாள். காட்டினேன். எவ்வளவு அகலம் என்று கேட்டாள், சொன்னேன். கட்டைகளை எடுத்துக்கொண்டு எழுந்தவள் சொன்னாள்:

"அவ்ளோ பெரிய பேப்பர்ல எங்காலுக்குப் பதினோரு எழுத்து எடம் இல்லாமப் போச்சுங்களாண்ணா?"

அன்றிலிருந்து நான் அடித்த ஒரு லிஸ்ட்டும் ஒரே தாளில் அடங்கியதில்லை. கோந்து டப்பாவை மேசை மேலேயே வைத்துக்கொண்டேன், திட்டுகிறவர்கள் திட்டிக்கொள்ளட்டும்.