மானாப் புல்லுக்குள் இறங்கிய நாள்

துணி தோய்க்கும் சவர்க்காரத்தை ஓடைத் தண்ணீரில் நனைத்து முழங்கால்வரை தேய்த்துக்கொண்டால், அது காயும்போது தோல் இறுகும். ஒவ்வொரு மயிரையும் யாரோ மெல்லப் பிடித்து இழுப்பது போலிருக்கும். அதன் மணமோ கிணற்றடியில் அழுக்குடுப்புக் குவியலுக்கு நடுவே நிற்பதைப்போல நாள் முழுக்க மூக்கை விட்டுப் போகாது. மாத்தளைக்கு மேலே, தேயிலை முடிந்து காடு தொடங்கும் இடத்தில், கிளிநொச்சியிலிருந்து இரவிரவாகப் பேருந்தில் வந்து இறங்கிய எங்கள் ஒன்பதாம் வகுப்பை வரிசையாக நிறுத்தி, ஆளுக்கொரு துண்டுச் சவர்க்காரத்தைக் கையில் வைத்து, "பூசுங்க, பூசுங்க, அட்டை ஏறாது" என்றார் எங்களை மலைக்கு அழைத்துப்போக வந்திருந்த வழிகாட்டி.

ஒருவரும் பூசவில்லை. எல்லோரும் வகுப்பாசிரியரின் முகத்தைப் பார்த்தோம். அவர் சவர்க்காரத்தை முகர்ந்து பார்த்து, தன் காலில் கொஞ்சம் பூசி, சற்று நேரம் பொறுத்திருந்து தலையாட்டிய பிறகுதான் நாங்கள் குனிந்தோம். "எங்களைத் தோய்ச்சுக் காயப்போடப் போறார் போல கிடக்கு" என்று என் காதுக்குள் சொன்னான் டிலக்சன். அவன் என் வகுப்புத் தோழன். விடுதியில் எனக்குப் பக்கத்துக் கட்டில்.

அந்த வழிகாட்டி யோகராஜ் எங்களுக்கு ஒரு கெடுதலும் செய்திருக்கவில்லை. ஆனால் நாங்கள் வன்னிப் பிள்ளைகள். போர் முடிந்து சில ஆண்டுகளே ஆகியிருந்தன. முட்கம்பிக்குள் கூடாரங்களில் இருந்த காலத்தில் எங்களைக் காலையும் மாலையும் தலை எண்ணியிருக்கிறார்கள். ஊர் திரும்பிய பிறகும் முன்பின் தெரியாதவர் யாராவது வேலிப் படலையில் நின்று பெயர் கேட்டால், "கேட்டதுக்கு மட்டும் மறுமொழி சொல்லு, கேக்காததைச் சொல்லாதை" என்றுதான் பெரியவர்கள் பழக்கியிருந்தார்கள். யோகராஜோ பாலம் ஒன்றைக் கடந்தால் எங்களை எண்ணினார், பாறை ஒன்றைத் தாண்டினால் மறுபடி எண்ணினார். தொலைபேசி அடித்தால் சிங்களத்தில் நீளமாகக் கதைத்தார். எங்களை நிற்கவைத்துப் படம் எடுத்தார். "தம்பி, அப்பா என்ன வேலை?" என்று ஒருவனைக் கேட்டார். அவன் கடலைப் பொட்டலத்தை மடியில் இறுக்கிப் பிடித்தபடி, "சேரைக் கேளுங்கோ" என்றான்.

மற்றவர்களுக்கு அவர்மேல் இருந்தது பொதுவான சந்தேகம். எனக்கு வேறொன்றும் சேர்ந்திருந்தது.

என் அம்மாவைப் பெற்றவர்கள் தேயிலைத் தோட்டத்து ஆட்கள். ஒரு கலவரத்தில் தோட்டத் தொழிலாளரின் லயன் வீடுகளை எரித்தபோது, கையில் அகப்பட்டதைத் தூக்கிக்கொண்டு வன்னிக்கு வந்து, புளியங்குளத்துக்கு உள்ளே காடு வெட்டிக் குடியேறியவர்கள். அம்மா அப்போது சின்னப் பிள்ளை. அப்பாவின் குடும்பமும் அப்படித்தான் வந்தது. எங்கள் வீட்டில் ஆரம்பப் பள்ளிக்கூடத்தைத் தாண்டிய முதல் ஆள் நான். புலமைப்பரிசிலில் தேறிக் கிளிநொச்சிக்கு வந்து விடுதியில் சேர்ந்த முதல் வாரமே, வேறொரு வகுப்புப் பையனைச் சுற்றி நின்று "தோட்டக்காட்டான்" என்று கூவியதைக் கேட்டேன். அவனுடைய தாத்தாவும் என் தாத்தாவைப்போல மலையிலிருந்து வந்தவர் என்பது அந்தக் கூச்சலிலேயே விளங்கியது. அன்றிலிருந்து என் நாக்கைக் காவல் காத்தேன். வீட்டில் "ஆமா" என்பவன் விடுதியில் "ஓம்" என்றேன். ஊர் எது என்று கேட்டால் புளியங்குளம். அதற்குமேல் ஒரு சொல் இல்லை. மூன்று வருடமாக ஒருவருக்கும் தெரியாது.

அப்படியிருக்க, பெண்பிள்ளைகளுக்குத் துணையாகத் தாய்மார் சிலர் வரவேண்டும் என்று பள்ளிக்கூடத்தில் கேட்டபோது, கூட்டங்களில் பின்வரிசையில் ஒதுங்கி உட்கார்ந்திருக்கிற என் அம்மா, "நான் வாறன் சேர்" என்று எழுந்து நின்றார். "உங்களுக்கு ஏன் இந்த வேலை?" என்று தனியே கூப்பிட்டுக் கேட்டேன். "மலையப் பாக்கணும்" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை. மலையைப் பார்க்க மட்டும் வருகிறார் என்று நான் நம்பவில்லை.

ஏற்றம் தொடங்கியதும் எங்களுடைய வீரமெல்லாம் போயிற்று. பிறந்ததிலிருந்து வயல் வரம்பையும் குளக்கட்டையும் தவிர வேறெதிலும் ஏறியிராத கால்கள் பத்தடிக்கொருதரம் நின்றன. ஆசிரியருக்கு மூச்சு வாங்கியது. அம்மா மட்டும் இடுப்பைச் சற்று முன்னே வளைத்து, கைகள் இரண்டையும் பின்னால் கோத்து, குட்டிக் குட்டி அடிகளாக வைத்து, ஓரிடத்திலும் நிற்காமல் ஏறிக்கொண்டிருந்தார். யோகராஜ் அதைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார். தண்ணீர் குடிக்க உட்கார்ந்த இடத்தில் கிட்ட வந்து, "அக்காவோட நடை நம்ம பக்கத்து நடையா இருக்கே. எந்தத் தோட்டம்?" என்றார்.

அது யாருக்கும் கேட்டுவிட்டதா என்று சுற்றிப் பார்த்தேன். டிலக்சன் இரண்டு எட்டுத் தள்ளி உட்கார்ந்து சப்பாத்துக்குள் அட்டை தேடிக்கொண்டிருந்தான்.

"நாங்கள் வன்னி" என்றார் அம்மா, அவர் முகத்தைப் பார்க்காமல்.

யோகராஜ் சிரித்துவிட்டு எழுந்து போனார். அந்தச் சிரிப்பை உச்சிவரை சுமந்துகொண்டு போனேன். என்ன தெரியும் இவருக்கு? யாரிடம் சொல்வார்? ஆசிரியருக்குப் பக்கத்தில் அவர் நடந்தபோதெல்லாம் நான் காலை எட்டிவைத்து அருகே போய்க் காது கொடுத்தேன். பறவைகளைப் பற்றித்தான் சொல்லிக்கொண்டிருந்தார். அதுவும் எனக்கு நடிப்பாகத்தான் பட்டது. உச்சியில் எல்லோரும் கூவியதும், கீழே முகில் நகர்ந்ததும், புளிச்சோறு சாப்பிட்டதும் நடந்திருக்கிறது. என் நினைவில் அவருடைய வாய் மட்டும்தான் இருக்கிறது.

இறங்கும்போது மழை இருட்டியது. யோகராஜ் மறுபடி தொலைபேசியில் சிங்களத்தில் கதைத்தார், வானத்தைப் பார்த்தார், எங்களை விரட்டினார். ஒரு வளைவில் திரும்பினால் பாதை இல்லை. மேலிருந்து மண் சரிந்து, மரம் ஒன்று வேரோடு குறுக்கே கிடந்தது. அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு இடப்பக்கச் சரிவைக் காட்டினார். ஒரு காலத்தில் தேயிலையாக இருந்து கைவிடப்பட்ட நிலம். மார்பளவுக்கு மானாப் புல் வளர்ந்திருந்தது. "இதுக்குள்ளால எறங்கினா பத்து நிமிசத்தில ரோட்டு. வாங்க."

ஒருவரும் அசையவில்லை.

ஊரில் நாங்கள் எழுத்துப் படித்ததோடு சேர்த்துப் படித்த பாடம் அது: ஆள் நடந்த தடத்தில் மட்டும் நட. புல் வளர்ந்து கிடந்தால், அங்கே ஆள் போகவில்லை என்று பொருள். ஆள் போகவில்லை என்றால், அதற்கு ஒரு காரணம் இருக்கிறது என்று பொருள். மண்டையோடு வரைந்த சிவப்புப் பலகை இல்லாவிட்டாலும் நாங்கள் இறங்கமாட்டோம். பந்து போனால் பந்து போனதுதான்.

"ஒருத்தரும் இறங்காதேங்கோ!" என்றார் ஆசிரியர்.

"ஏன் சேர்? பாம்பா? தட்டிக்கிட்டே போவம்" என்றார் யோகராஜ்.

"நீர் ஏன் பாதையை விட்டு இறக்கப் பாக்கிறீர்? போனில ஆரோடை கதைச்சனீர்?"

"மழை எப்பிடின்னு காட்டு ஆபீசில கேட்டேன் சேர். கீழ ஓடை இருக்கு. பெருகிச்சுன்னா பிள்ளைங்களக் கடத்த ஏலாது. ராத்திரிக்கு இங்கனதான் குந்தணும்."

"அது நீர் சொல்லுறது."

யோகராஜுக்கு முகம் சிவந்தது. காலையிலிருந்து பொறுத்த மனிதர். "நானும் தமிழன்தான் சேர்" என்றார். தமிழர்களும்தான் எங்களைக் காட்டிக்கொடுத்திருக்கிறார்கள்.

முன்னால் நின்ற ஒரு பிள்ளை மெதுவாக, "அண்ணா, மிதிவெடி" என்றாள்.

அவர் சிரித்தார். சிரித்துக்கொண்டே எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து வந்தவர் பாதியில் நிறுத்தினார். "இங்க ஏதும்மா அதெல்லாம்" என்றவர், எங்களை நம்பவைக்கவென்று புல்லுக்குள் பாய்ந்து இரண்டு காலாலும் குதித்துக் காட்டினார். பெண்பிள்ளைகள் காதைப் பொத்திக்கொண்டு அலறினார்கள். டிலக்சன் என் சட்டையைப் பிடித்திருந்தான். அவர் குதித்துக் குதித்து நின்றார், ஒன்றும் வெடிக்கவில்லை, அதனால் ஒன்றும் மாறவும் இல்லை. அவர் குதித்த இடத்தில் இல்லை, அவ்வளவுதான். மழைத்துளி பெரிதாக விழத் தொடங்கியது.

அப்போதுதான் அம்மா வரிசையை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தார். "தம்பி, நீங்க எந்தத் தோட்டம்?" என்றார். வீட்டில் எங்களோடு பேசுகிற அதே பேச்சு. முழு வகுப்பும் திரும்பிப் பார்த்தது.

யோகராஜ் ஒரு பெயரைச் சொன்னார்.

"குருவிமலை தெரியுமா?"

"பக்கத்து மலைதான்கா. எங்க மாமா வீடு அங்கதான்."

"நான் பொறந்தது அங்கதான். எங்கப்பா அங்க தேயிலக் கவ்வாத்து வெட்டினவரு." அதைச் சொல்லும்போது அம்மா என்னைப் பார்க்கவில்லை, பார்க்காமல் இருப்பதற்காகவே கழுத்தை நேராக வைத்திருந்தார். "சொல்லுங்க, குருவிமலை மாரியம்மன் கோயில் எங்க இருக்கு? தேயில அரைக்கிற ஸ்டோருக்கு மேலயா, கீழயா?"

அது சும்மா விசாரிப்பு இல்லை, சோதனை என்பது எங்கள் எல்லோருக்கும் விளங்கியது. யோகராஜுக்கும் விளங்கியிருக்க வேண்டும்.

"கீழ" என்றார்.

அம்மாவின் முகம் மாறிவிட்டது. "மேல" என்றார். "ஸ்டோருக்கு மேல. நான் படியேறிப் போயிருக்கேன்."

ஆசிரியர் பிள்ளைகளைப் பின்னுக்கு இழுத்தார். "பாத்தியே, பாத்தியே" என்று யாரோ கிசுகிசுத்தார்கள். யோகராஜ் தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைத்தார். "மேல இருந்ததுன்னு எங்கம்மா சொல்லும். நான் பொறக்க முன்னயே மண்ணு சரிஞ்சு போயிருச்சாம். நான் பாத்ததெல்லாம் கீழ கட்டினதுதான்கா."

உண்மையாக இருக்கலாம். தப்புவதற்குச் சொன்ன பொய்யாகவும் இருக்கலாம். பாதையை அடைத்துக் கிடந்த சரிந்த மண்ணைப் பார்த்தே அந்தக் கதை அவருக்குத் தோன்றியிருக்கலாம் என்றும் அந்த நிமிடத்திலேயே நினைத்தேன். அம்மா அவரையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு சேலையைத் தூக்கி இடுப்பில் செருகிக்கொண்டு புல்லுக்குள் இறங்கினார். "நீங்க முன்னால போங்க தம்பி" என்று அவரை அனுப்பிவிட்டுத் திரும்பி, "பிள்ளையள், என்ரை கால் வைச்ச இடத்திலயே வைச்சு வாங்கோ" என்று எங்களிடம் எங்கள் பேச்சில் சொன்னார்.

அடுத்து நிற்பவன் நான். டிலக்சன் சட்டையை விடாமல் கேட்டான்: "டேய், உங்கட அம்மா தோட்டத்து ஆளோ?"

"ஓம்" என்றேன். "நானும்தான்." சொல்லிவிட்டு, மிதிபட்ட புல்லில் அம்மாவின் காலடியைத் தேடிக் காலை வைத்தேன். அந்த ஒரு அடியில் எதற்கு அதிகம் பயந்தேன் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. எனக்குப் பின்னால் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு புல் உரசியது. ஒருவர் பின் ஒருவராக, ஒரே கோட்டில், மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரு வகுப்பே இறங்கியது. வீதிக்கு வந்ததும் யோகராஜ் எங்களை எண்ணினார். எண்ணி முடித்தபோது மழை கொட்டத் தொடங்கியது.

திரும்பும் வழியில், தேநீருக்காகப் பேருந்து நின்ற இடத்தில், அம்மாவிடம் கேட்டேன்: "அவரு சொன்னது உண்மையாம்மா?"

"தெரியலடா."

"அப்ப ஏன் எறங்கினீங்க?"

அம்மா தேநீரை ஊதி ஊதிக் குடித்தார். "எல்லாரும் அவன ஒரு மாதிரியா பாத்தாங்க. நாங்க புளியங்குளத்தில வந்து எறங்கினப்ப எங்களையும் அப்பிடித்தான் பாத்தாங்க."

பள்ளிக்கூடத்தில் "தோட்டக்காட்டான்" என்ற அந்தச் சொல் எனக்கும் வந்து சேர்ந்தது. சிலரிடமிருந்து பகிடியாக, சிலரிடமிருந்து பகிடி இல்லாமல். ஒருமுறை, துடுப்பாட்டத்தில் வந்த பந்தை நான் பிடிக்காமல் விட்டபோது, டிலக்சனிடமிருந்தும் வந்தது. அவன் மன்னிப்புக் கேட்கவில்லை. நானும் அதைப் பற்றிப் பேசவில்லை. பக்கத்துப் பக்கத்துக் கட்டிலில் படித்து முடித்தோம். அதற்குப் பிறகு அவன் என்ன சொன்னாலும் அதற்குள் வேறொன்று இருக்கிறதா என்று தட்டிப் பார்க்கும் பழக்கம் மட்டும் எனக்கு ஒட்டிக்கொண்டது.

இப்போது நான் கிளிநொச்சியில் ஓர் அலுவலகத்தில் வேலை செய்கிறேன். எங்கள் ஊர்ப் பாதையோரத்துச் சிவப்புப் பலகைகள் போய்விட்டன. அவை நின்ற நிலத்தில் பப்பாசி காய்க்கிறது. டிலக்சன் சொந்தமாக வான் ஓட்டுகிறான். வெளிநாட்டிலிருந்து வருகிற சனத்தை இடம் பார்க்கக் கூட்டிப்போவான். போன மாசி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, நான் வீட்டில் நின்றபோது அழைத்தான்.

"மச்சான், குருவிமலை எண்டு எழுதின பழைய பலகை ஒண்டு கிடக்கு. உங்கட கோயில் இஞ்சைதானே?"

"ஏன் கேக்கிறாய்?" என்றேன். பழைய பழக்கம்.

"சும்மாதான். அம்மா நிக்கிறாவோ? அவாட்டைக் குடு."

கொடுக்கத் தயங்கினேன். டிலக்சன் தொலைபேசியில் கத்தித்தான் பேசுவான், பக்கத்தில் நின்ற அம்மாவுக்கும் எல்லாம் கேட்டிருந்தது. அம்மா கையை நீட்டி வாங்கிக்கொண்டு, எடுத்த எடுப்பிலேயே, "ஸ்டோருக்கு மேலயாப்பா, கீழயா?" என்றார்.

"ஸ்டோரும் இல்லை, லயனும் இல்லை, ஒரு சனமும் இல்லையம்மா. சுவர்க்கட்டை ரெண்டு நிக்குது. மிச்சமெல்லாம் மானாப் புல்லுத்தான், என்ரை நெஞ்சளவுக்கு."

அம்மா தொலைபேசியை மற்றக் காதுக்கு மாற்றினார். பிறகு, "சரிப்பா. விடு. எறங்காத" என்றார்.

"பொறுங்கோ. அங்கினை கல்லுப்படி மாதிரி ஏதோ தெரியுது. பாத்திட்டுச் சொல்லுறன்."

அம்மா தொலைபேசியை இரண்டு கைகளாலும் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டார். நானும் என் காதைக் கொண்டுபோய் வைத்தேன். டிலக்சனின் குரல் இல்லை. புல் அவனுடைய காற்சட்டையில் உரசும் சத்தம் மட்டும் சர் சர்ரென்று கேட்டது.