அது ரஷ்ய எழுத்து இல்லை

"ரஷ்ய எழுத்தை எங்கள் கல்லறைத் தோட்டத்தில் வைக்க முடியாது" என்று அந்த ஆள் சொன்னார். அவருக்கு எதிரே உட்கார்ந்திருந்தவளுடைய அப்பாவைப் புதைத்த மண் இன்னும் இறுகக்கூட இல்லை. தேவாலயத்துக்குப் பின்னால் இருந்த சின்ன ஹாலில், அவளுக்குப் பக்கத்தில் நான் உட்கார்ந்திருந்தேன். அவளுக்கு ஹைவேயில் ஓட்டப் பயம், அதனால் நான்தான் காரில் கூட்டி வந்திருந்தேன். அன்றைக்கு வந்த கோபத்தை நினைத்தால் இப்போதும் எனக்குக் காது சூடாகிறது.

பிளெய்ன்ஸ்பரோ அபார்ட்மென்டில் எங்கள் வீட்டுக்கு எதிர்க்கதவு அவளுடையது. மால்டோவா நாட்டுக்காரி. அப்போதைக்குச் சில வருஷம் முன்புவரை அது சோவியத் யூனியனில் ஒரு பகுதி. இங்கே ஒரு மருந்துக் கம்பெனியின் லேபில் வேலை பார்த்தாள். நான் ஃபிசிக்ஸில் எம்.எஸ்ஸி. முடித்துவிட்டு, கணவரைச் சார்ந்து வந்த H4 விசாவில் வேலை செய்யக்கூடாது என்ற சட்டத்தால் வீட்டில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். என்னைவிடப் பத்து வயதாவது மூத்தவள் என்பதால் அக்கா என்று கூப்பிட்டேன். அர்த்தம் கேட்டுத் தெரிந்துகொண்டு, "அப்ப அப்படியே கூப்பிடு" என்றாள். நாங்கள் பேசிக்கொண்டது இருவருக்கும் அரைகுறையாக வந்த இங்கிலீஷில்.

தொண்ணூற்றெட்டு கோடையில் அவளுடைய அப்பா விசிட்டர் விசாவில் வந்தார். மனைவியை இழந்தவர். ஊரில் ஒரு சின்ன ரயில் நிலையத்தில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்து ரிடையர் ஆனவர். மகள் வேலைக்குப் போன பிறகு பால்கனியில் கம்பியைப் பிடித்துக்கொண்டு அப்படியே நிற்பார். பார்க்கச் சகிக்காமல் ஒருநாள் அவரையும் என் பையனையும் காரில் ஏற்றி பிரின்ஸ்டன் ஜங்ஷனுக்குக் கூட்டிப்போனேன். எக்ஸ்பிரஸ் ஒன்று நிற்காமல் தடதடத்துப் போனபோது, அவர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு விறைப்பாக நின்றார். என் பையன் கைதட்டினான். அதற்குப் பிறகு வாரத்துக்கு ஒருநாள் போவது வழக்கமாகிவிட்டது. எனக்கும் அவருக்கும் பொதுவாக ஒரு மொழி கிடையாது. அது ஒரு குறையாகவே தெரியவில்லை.

ஒருநாள் என் பையனின் கிரேயானை வாங்கி, மளிகை வாங்கிய காகிதப் பையின்மேல் ஸ்டேஷன் பெயர்ப்பலகை ஒன்றை வரைந்து அதில் பெயர் எழுதினார். அதற்குக் கீழே இன்னொரு பலகை, எழுத்து மட்டும் வேறு. அதற்குக் கீழே மறுபடி பழையது. இப்படி ஐந்து பலகை. சாயங்காலம் அக்காவிடம் காட்டினேன். பார்த்ததும் சிரித்துவிட்டாள்.

"எல்லாம் ஒரே ஊர். படிச்சாலும் ஒரே சத்தம்தான். அவர் சின்னப் பையனா இருந்தப்ப எங்க ஊர் ரொமானியா கையில இருந்தது. லத்தீன் எழுத்து. அப்புறம் சோவியத் ராணுவம் வந்துச்சு, பலகையை சிரிலிக்ல, அதான் ரஷ்ய மொழி எழுதற எழுத்துல, மாத்தினாங்க. உலகப் போர்ல ரொமானியா திரும்பி வந்துச்சு, மறுபடி லத்தீன். சண்டை முடிஞ்சதும் சோவியத், மறுபடி சிரிலிக். மொழிக்கே பேரை மாத்தி, இது ரொமானிய மொழி இல்லை, மால்டோவிய மொழின்னு சொன்னாங்க. எண்பத்தொன்பதுல திரும்ப லத்தீன்."

பள்ளிக்கூடத்தில் ஒரு வாத்தியார் லத்தீன் எழுத்து கோணலாக இருக்கிறது என்று அவரை அடித்திருக்கிறார். அடுத்து வந்த வாத்தியார் லத்தீன் எழுத்தை எழுதினான் என்று அடித்திருக்கிறார்.

அதைக் கேட்டதும் என் விரல் முட்டி நிஜமாகவே வலித்தது. எங்கள் ஊர் கோபியில் நான் ஆறாவது படித்தபோது 'லை'க்கு முன்னால் யானைத் தும்பிக்கை மாதிரி வளைந்து நின்ற கொம்பை எடுத்துவிட்டார்கள். சீர்திருத்தம் என்றார்கள். நான் பழக்கத்தில் தும்பிக்கை போட்டே 'தலை' என்று எழுதிவிட்டேன். அந்தத் தும்பிக்கையை எனக்கு ஒன்றாம் வகுப்பில் கைபிடித்து எழுதவைத்த அதே டீச்சர், ஸ்கேலைத் திருப்பி முட்டியிலேயே போட்டார். புது எழுத்து சுலபம்தான், நல்லதும்தான். ஆனால் நேற்றுவரை சரியாக இருந்தது இன்றைக்கு எப்படி அடிவாங்குகிற குற்றமாகும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை.

அக்கா சொன்ன இன்னொரு விஷயத்தையும் எழுத வேண்டும். எண்பத்தொன்பதில் லத்தீன் எழுத்து வேண்டும் என்று தலைநகரில் கூடிய கூட்டத்தில் அவளும் நின்று தொண்டை கிழியக் கத்தியவள். வீட்டுக்கு வந்ததும் அப்பாவோடு சண்டை.

"அவர் என்கிட்ட கேட்டார். 'நீ கேக்கறது நியாயம்தான். ஆனா நான் வாழ்க்கை முழுக்க எழுதின எழுத்தை அந்நியன் எழுத்துங்கறியே, அப்ப நான் யாரு?' நான் கதவைச் சாத்திட்டுப் போயிட்டேன்."

அக்டோபரில் மாரடைப்பில் அவர் போய்விட்டார். காலையில் ஷூ லேஸ் கட்டக் குனிந்தவர் நிமிரவில்லை. ஊருக்குக் கொண்டுபோக வழியில்லாமல், காரில் ஒரு மணி நேரத் தூரத்தில் இருந்த ரொமானியர்களின் தேவாலயத்தில் கேட்டாள். இடம் கொடுத்தார்கள், பூசை செய்தார்கள், சாப்பாடு போட்டார்கள். அதுவரை எல்லோரும் நல்லவர்கள்தான்.

கல் வைக்கும் நேரம் வந்தபோது, அப்பா தன் பெயரை எப்படிக் கையெழுத்துப் போட்டாரோ அப்படியே சிரிலிக்கில் இருக்கட்டும் என்று அக்கா கேட்டாள். அதற்காகத்தான் அந்த ஹாலில் கமிட்டி கூடியது. கமிட்டித் தலைவர் கம்யூனிஸ்ட் ஆட்சியின்போது ரொமானியத் தலைநகர் புக்கரெஸ்டிலிருந்து தப்பி வந்தவர், நல்ல கோட் போட்டிருந்தார். வயதான பாதிரியார் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். முதலில் அவர்கள் மொழியில் ஆரம்பித்தார்கள். "இவளுக்கும் புரியணும், இங்கிலீஷ்ல பேசுங்க" என்றாள் அக்கா.

ரஷ்ய எழுத்து என்று அவர் சொன்னதும், அக்கா அப்பாவின் குடும்பப் பெயரை ஒரு தாளில் எழுதி அவர் முன்னால் தள்ளினாள். நடுவில் ஆறுகால் பூச்சி மாதிரி ஒரு எழுத்து, அதன் தலைமேல் பிறை.

"இந்தப் பிறை வச்ச எழுத்து ரஷ்ய மொழியிலேயே கிடையாது. நம்ம மொழிச் சத்தத்துக்குன்னு போட்டது. ரஷ்யாக்காரன்கிட்ட காட்டுங்க, முழிப்பான்."

"போட்டது யாரு? மாஸ்கோதானே?"

"சரி, அதை விடுங்க. உங்க முப்பாட்டன் காலத்து ஜெபப் புத்தகம் எந்த எழுத்துல இருந்தது? ரொமானியா முழுக்க சிரிலிக்லதானே எழுதிச்சு? லத்தீனுக்கு மாறி நூத்தம்பது வருஷம்கூட ஆகலையே!"

"அது வேற" என்றார். பிறகு குரல் நடுங்கச் சொன்னார்: "எங்க அண்ணனைக் கம்யூனிஸ்டுங்க ஜெயில்ல வச்சுக் கொன்னாங்க. இந்த எழுத்து அவங்க டாங்கிமேல ஏறி வந்தது. இதை என் அண்ணன் நினைவுக்குக் கல் வச்சிருக்கிற தோட்டத்துல நான் பார்க்கமாட்டேன்."

அக்கா தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்: "உங்க அண்ணனை ஜெயில்ல போடச் சொன்ன ரொமானியா சர்க்கார் உத்தரவு எந்த எழுத்துல இருந்தது? லத்தீன்லதானே?"

அவர் முகம் சிவந்தது. நான் பாதிரியாரைப் பார்த்தேன். அவர் தாடியைத் தடவிக்கொண்டு, "கமிட்டி முடிவு செய்யட்டும்" என்றார். எனக்கு அந்தக் கோட் போட்டவரைவிட இவர்மேல்தான் அதிகமாகப் பற்றிக்கொண்டு வந்தது. பழைய ஜெபப் புத்தகத்தைப் பற்றி அவருக்குத் தெரியாமலா இருக்கும்?

"ஒரு மனுஷன் தன் பேரைத் தான் எழுதின மாதிரி வச்சுக்கக்கூடாதா?" என்று நான் வாயைத் திறந்தேன்.

"மேடம், இது எங்க வீட்டு விஷயம். உங்களுக்குப் புரியாது."

"எனக்கு நல்லாப் புரியுது. உங்களுக்குத்தான் புரியல" என்று எழுந்தேன். நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. அதைத் தூக்கி வைக்காமலே வெளியே வந்தேன். பின்னாலேயே அக்கா வந்தாள். ஹைவேயில் இறங்க வேண்டிய எக்ஸிட்டைத் தவறவிட்டு வெகுதூரம் போய்த் திரும்பினேன்.

வீட்டில் சொன்னேன். என் கணவர் டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல், "உனக்கு எதுக்கும்மா இந்த வேண்டாத வேலை? நம்ம தமிழ்ச் சங்கத்துப் பொங்கல் நோட்டீஸே இங்கிலீஷ் எழுத்துலதான் வருது. நீ போய் ரொமானியாக்காரன்கிட்ட ஃபைட் பண்ணிட்டு வர்றே" என்றார்.

"அதுக்கும்தாங்க எனக்குக் கோபம்" என்றேன். அடுத்த மாதம் சங்கத்துக் கூட்டத்தில் கேட்டும்விட்டேன். தமிழ் ஃபான்ட் எல்லோர் கம்ப்யூட்டரிலும் வராது, குழந்தைகளுக்குப் படிக்கத் தெரியாது என்றார்கள். இரண்டும் உண்மை. உண்மையாக இருந்தது இன்னும் எரிச்சலாக இருந்தது.

கமிட்டி கடைசிவரை இறங்கிவரவில்லை. லத்தீனில் போட்டால் போடு, இல்லாவிட்டால் மரச்சிலுவையோடு இருக்கட்டும் என்றார்கள். வசந்தகாலத்தில் அக்கா என்னைக் கல் செதுக்குகிற கடைக்குக் கூட்டிப்போனாள். சிலுவை ஒன்று, பிறந்த வருஷம், இறந்த வருஷம். பெயர் என்னவென்று கடைக்காரர் கேட்டார். "பெயர் வேண்டாம்" என்றாள். அவர் மறுபடி கேட்டார். மறுபடியும் அதையே சொன்னாள். இரண்டு எழுத்துக்கும் பொதுவான எண்ணுக்கு யாரும் ஆட்சேபம் சொல்ல முடியாதல்லவா.

கல் வைத்த அன்று கமிட்டித் தலைவர் வந்து நின்று பார்த்தார். "வர்றவங்க யாருன்னு கேப்பாங்களே" என்றார்.

"கேக்கட்டும். நான் சொல்றேன்" என்றாள் அக்கா.

இரண்டாயிரத்தொன்றில் என் கணவருக்கு டெக்சாஸில் வேலை கிடைத்து நாங்கள் ஃபிரிஸ்கோவுக்குக் கிளம்பினோம். பெட்டி கட்டும்போது அவளிடம் கேட்டேன்: "அன்னைக்கு லத்தீன் கேட்டுக் கூட்டத்துல போய் நின்னது தப்புன்னு தோணுதா?"

"இல்லவே இல்லை" என்றாள் சட்டென்று. "நாளைக்கே திரும்பக் கேட்டாலும் லத்தீனுக்குத்தான் கை தூக்குவேன். அது நாட்டுக்கு. அப்பா பேர் அப்பாவோடது. இந்த ரெண்டும் வேறன்னு ஒருத்தனுக்கும் ஏன் புரியமாட்டேங்குது?"

அதே வருஷம் போனில் பேசும்போது, ஈஸ்டருக்கு அந்தக் கமிட்டித் தலைவர் தன் அண்ணன் நினைவுக்கு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு, அப்பாவின் கல்லுக்கும் ஒன்று ஏற்றியதாக அக்கா சொன்னாள். அவள் குரலில் ஏதோ இளகியிருந்தது. எனக்கு அது போதவில்லை.