கம்பியில் பறந்தவள்

இதைக் கட்டுக்கதை என்பவர்கள் திருவையாற்றில் என் வீட்டுக்கு வரலாம். அந்த ஃபிலிம் சுருள் இன்னும் பீரோவில்தான் இருக்கிறது. எடுத்துப் பார்த்துக்கொள்ளுங்கள். நான் தொட மாட்டேன்.

பழைய படங்களைக் கம்ப்யூட்டரில் சுத்தம் செய்வது என் தொழில். கூத்தாநல்லூரிலிருந்து ஹஃப்ஸாம்மா வந்தார். வயது தொண்ணூறு. ஏதோ டூரிங் கொட்டகையில் கிடந்த ஃபிலிம் டப்பாவைக் கொடுத்தார். அந்தக் காலத்துப் பாரசீக மாயக் கதை. ஜின், பேசும் கிளி, பறக்கும் தேவதை. தேவதையாக நடித்தவர் அவருடைய அம்மா பர்வின்.

"எனக்கு ரெண்டு வயசு இருக்கயில கல்கத்தாவுக்கு நடிக்கப் போனாங்க. திரும்பல. யாரோடயோ ஓடிட்டாங்கன்னு ஊர்ல பேச்சு. ஒரு போட்டோகூட இல்லம்மா. கண்ணு மங்கிக்கிட்டே வருது... அதுக்குள்ள முகத்த ஒரு தடவ பாத்துடணும்."

அன்றே டப்பாவைத் திறந்தேன்.

மிஞ்சியிருந்தது ஒரே காட்சி. வரைந்த மேகங்களுக்கு நடுவே தேவதை பறக்கிறாள். முகம் தெரியவில்லை. எல்லா ஃப்ரேமிலும் அண்ணாந்து மேலேயே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் இடுப்பிலிருந்து மேலே போனது ஒரு கம்பி. அவளைத் தொங்கவிட்ட கம்பி. எங்கள் தொழிலில் முதலில் அதைத்தான் அழிப்போம். ஒவ்வொரு ஃப்ரேமாக அழித்தேன்.

மாலை 6.40. வேலை முடிந்தது. ஓட்டிப் பார்த்தேன்.

தேவதை குனிந்தாள். முதல் முறையாக முகம் தெரிந்தது. அழுதுகொண்டிருந்தாள்.

இது ஃபிலிமில் இல்லை... நிச்சயமாக இல்லை.

விழுந்தாள்.

தொப்!

சத்தம் ஸ்பீக்கரிலிருந்து வரவில்லை. என் முதுகுக்குப் பின்னால்... தரையில்.

திரும்பினேன். யாரும் இல்லை.

திரையில் வெறும் மேகம். சுருளை எடுத்து விளக்கு வெளிச்சத்தில் பிடித்தேன். அதிலும் அவள் இல்லை. கம்பி மட்டும்... தொங்கிக்கொண்டிருந்தது.

மறுநாள் கூத்தாநல்லூர் போனேன். அந்த அம்மாவின் ஒரே ஆசையை நானே கெடுத்துவிட்டேனே என்று பஸ்ஸில் அழுதேன்.

"மன்னிச்சிடுங்கம்மா... முகம்..."

"பாத்துட்டேன்மா," என்றார். "நேத்து சாயங்காலம் மகரிப் பாங்கு முடிஞ்ச நேரம் வந்தாங்க. இருபது வயசுகூட இருக்காது. என் பேத்தி மாதிரி இருக்காங்க. அவங்க ஓடிப்போகலம்மா. 'கம்பி இறுக்கி மேலேயே செத்துட்டேன்டி. இத்தன வருசமா எறங்க முடியல. இன்னைக்குத்தான் ஒரு பொண்ணு அவுத்து விட்டுச்சு'ன்னாங்க."

கம்பி அழித்ததை நான் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

ஹஃப்ஸாம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"முட்டியெல்லாம் சிராய்ப்பு. உன் பின்னாடிதானே விழுந்தாங்க... கொஞ்சம் தண்ணி குடுத்திருக்கலாமேம்மா."