தொண்ணூற்றெட்டுத் தாள், தொண்ணூற்றேழு கையெழுத்து

புதன், காலை 10.40

பலெர்மோ விமான நிலையத்திலிருந்து நகரின் மத்திய ரயில் நிலையத்துக்கு ஏறத்தாழ முப்பத்தைந்து கிலோமீட்டர். ரயிலில் ஒரு மணி நேரம், கட்டணம் ஏழு யூரோவுக்குச் சற்றுக் குறைவு. இடப்பக்கம் கடல், வலப்பக்கம் மரமில்லாத மலை. ராமநாதபுரத்துக்காரியான எனக்குக் கடல் புதிதல்ல. கடலுக்கு இவ்வளவு அருகில் மலையைப் பார்த்ததுதான் புதிது.

நான் அரசுப் பள்ளியில் கணக்கு ஆசிரியை. 2024 ஏப்ரலில் தேர்தல் பணி முடிந்தது. வெளிநாடு செல்லும் துறை அனுமதி, மூன்று மாத அலைச்சலுக்குப் பிறகு, மே விடுமுறையின் முதல் வாரத்தில் கையில் கிடைத்தது. மறுநாளே கிளம்பிவிட்டேன். என்னை அழைத்தவள் ரெஜினா. 1990இல் மன்னாரிலிருந்து படகேறி மண்டபம் முகாமுக்கு வந்தவள்; ஒன்பதாம் வகுப்புவரை என் பக்கத்து இருக்கை. பிறகு ஊர் திரும்பி, மணம் முடித்து, இருபது ஆண்டுகளாக இங்கே வீட்டு வேலை செய்கிறாள்.

நிலையத்தில் என் பெட்டியை வாங்கிக்கொண்டு நடக்கும்போதே விஷயத்தைச் சொல்லிவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை அவளுடைய தேவாலயப் பங்கின் தமிழர் சங்கத்துக்குத் தலைவர் தேர்தல். அவள் நிற்கிறாள்.

போர்கோ வெக்கியோ என்ற பகுதியில் அவள் வீடு மூன்றாம் மாடி. மின்தூக்கி இல்லை. கீழே சின்னச் சந்தை. மீன்காரரின் குரல் சமையலறைவரை ஏறி வரும். கத்தரிக்காய்க் குழம்பு பரிமாறிக்கொண்டே அவள் சொன்னதிலிருந்து எனக்குப் புரிந்தது இது. பதினான்கு ஆண்டுகளாகத் தலைவர் லூர்து அண்ணர். தங்கும் அனுமதியான பெர்மெஸ்ஸோவைப் புதுப்பிக்க வேண்டுமா, வேலை வேண்டுமா, வாடகை வீடு வேண்டுமா, எல்லாரும் அவரிடம்தான் போவார்கள். அவரும் செய்வார், மறுக்க மாட்டார். ஆனால் செய்வது அவர் ஒருவர்தான், அவருக்கு நேரம் இருக்கும்போதுதான். வியாழன் மதியமும் ஞாயிறும் மட்டுமே ஓய்வுள்ள பெண்கள் அவரைப் பிடிக்க முடியாமல் புதுப்பிக்கும் நாளைத் தவறவிட்டிருக்கிறார்கள். வாரத்தில் இரண்டு முறை, ஆளைப் பாராமல் உதவும் ஒரு மேசை போட வேண்டும் என்பதே ரெஜினாவின் கோரிக்கை.

தேர்தல் எப்படி நடக்கும் என்று கேட்டேன்.

“கை உயர்த்துறதுதான். அவர் முன்னால நிண்டு பாத்துக்கொண்டிருப்பார். அவர் வேலை எடுத்துக் குடுத்த சனம் எனக்குக் கை உயர்த்துமே?” என்றாள்.

அதனால் ரகசிய வாக்கெடுப்பு கேட்டிருந்தாள். பங்கின் தமிழ்ப் பாதிரியாரும் சம்மதித்திருந்தார், சங்கத்தில் உறுப்பினரல்லாத இருவர் நடத்தினால். ஒருவர் நான் என்று அவளே முடிவு செய்திருந்தாள். ஒன்பது தேர்தல்களில் வாக்குச்சாவடி வேலை பார்த்தவள் நான், மறுக்கவில்லை. இன்னொருவர் யார் என்று கேட்டேன். பகேரியாவுக்கு வந்தால் காட்டுகிறேன் என்றாள்.

வெள்ளி, காலை 8.15

பகேரியா கிழக்கே பதினான்கு கிலோமீட்டர். ரயிலில் கால்மணி நேரத்துக்குள் போய்விடலாம். பழைய பிரபுக்களின் மாளிகைகள் உள்ள ஊர். இப்போது அவற்றைச் சுற்றிலும் அடுக்குமாடிகள். அப்படி ஓர் அடுக்குமாடியில்தான் ரெஜினா காலை வேலைக்குப் போகிறாள். வீட்டுக்காரி ஒரு ரஷ்யப் பெண். அவருடைய தாய் காலினா பெத்ரோவ்னாவுக்கு இடுப்பு எலும்பு அறுவை சிகிச்சை ஆகியிருந்தது. குளிக்கவும் நடக்கவும் துணை வேண்டும்.

காலினாவுக்கு வயது அறுபத்து நான்கு. வோல்கா ஆற்றங்கரையில் ஒரு சிறு நகரத்தில் இயற்பியல் ஆசிரியையாக இருந்தவர். அவருடைய பள்ளிதான் அந்தப் பகுதியின் வாக்குச்சாவடி. நான் யார் என்று ரெஜினா சொன்னதும் ஊன்றுகோலைச் சுவரில் சாய்த்துவிட்டு என் கையைப் பிடித்து உட்கார வைத்தார். அவருக்கு இத்தாலிய மொழி தெரியும், எனக்குத் தெரியாது. ஆகவே ரஷ்யத் தேர்தலின் நாற்பது ஆண்டுக் கதை எனக்கு மன்னார்த் தமிழில் கிடைத்தது. ரெஜினா தக்காளி நறுக்கிக்கொண்டே மொழிபெயர்த்தாள்.

காலினா முதன்முதலில் தேர்தல் மேசையில் உட்கார்ந்தது 1984இல். சீட்டில் ஒரே ஒரு பெயர். அதை மடித்துப் பெட்டியில் போட்டால் ஆதரவு. எதிர்ப்பென்றால் மறைப்புக்குள் போய்ப் பெயரை அடிக்க வேண்டும். ஆனால் மறைப்புக்குள் போகிறவர் யார் என்பது எல்லாருக்கும் தெரிந்துவிடும். பள்ளிக்கூடத்தில் பாட்டு போடுவார்களாம். கடையில் கிடைக்காத ஆரஞ்சுப் பழம் அன்று அங்கே கிடைக்குமாம். சனம் பழம் வாங்க வரும், வந்த கையோடு சீட்டும் போடும்.

1989இல் முதல்முறையாகச் சீட்டில் பல பெயர்கள். வேண்டாதவற்றை அடித்து ஒன்றை மட்டும் விட வேண்டும். அன்று மறைப்புக்குள் போன ஒருவர் கால்மணி நேரம் வெளியே வரவில்லையாம். காலினா எட்டிப் பார்க்கவும் முடியாமல் தவித்திருக்கிறார். கடைசியில் வந்தவர், யாரை அடிப்பது என்று யோசிக்க இதுவரை அவசியம் வந்ததில்லை, அதனால் தாமதம் என்று மன்னிப்புக் கேட்டாராம்.

1993இல் நாடாளுமன்றக் கீழவையின் நானூற்றைம்பது இடங்களில் பாதி தொகுதி வேட்பாளர்களுக்கு, பாதி கட்சிப் பட்டியலுக்கு. ஐந்து சதவீதம் பெறாத கட்சிக்குப் பட்டியலில் இடமில்லை. சீட்டின் அடியில் ‘அனைவருக்கும் எதிராக’ என்று ஒரு வரி. எங்கள் நோட்டாவைப் பற்றிச் சொன்னேன். அந்த வரியைத் தன் நாட்டில் 2006இல் எடுத்துவிட்டார்கள் என்றார். அடுத்த ஆண்டுத் தேர்தலில் தொகுதி வேட்பாளர்களும் போனார்கள். முழுக்கக் கட்சிப் பட்டியல். ஐந்து சதவீத வரம்பும் ஏழாக உயர்ந்திருந்தது. தன் ஊர்ப் பெயரும் தெரிந்த முகமும் இல்லாத சீட்டை மக்கள் திருப்பித் திருப்பிப் பார்த்தார்களாம்.

2011க்கு வந்தபோது ரெஜினா கத்தியை வைத்துவிட்டாள். அந்த டிசம்பரில் காலினா தன் குழுவின் செயலாளர். எண்ணி முடித்து, தாளில் எழுதி, எல்லாரும் கையெழுத்திட்டு மேலே அனுப்பினார்கள். இரண்டு மணி நேரத்தில் வேறு எண்களோடு இன்னொரு தாள் வந்தது, கையெழுத்துக்கு. மற்றவர்கள் போட்டார்கள். அவர் போடவில்லை. அடுத்த கல்வியாண்டில் அவருக்குப் பாட வேளைகள் குறைந்துகொண்டே வந்தன. பிறகு வேலையும் இல்லை. மகளோடு இங்கே வந்துவிட்டார்.

அதற்குப் பிறகும் சட்டம் மாறிக்கொண்டேதான் இருந்தது: அடுத்த ஆண்டு சாவடிகளில் கேமரா, 2016இல் மறுபடியும் பாதிக்குப் பாதி, ஐந்து சதவீதம், பிறகு மூன்று நாள் வாக்குப்பதிவு, கணினி வழி வாக்கு. எல்லாவற்றையும் தள்ளியிருந்து படித்துக்கொண்டிருக்கிறார். இரண்டு மாதத்துக்கு முன் நடந்த அதிபர் தேர்தலுக்கும் அவர் போகவில்லை. இனி வாக்குப் பெட்டியின் பக்கமே போவதில்லை என்பது அவர் முடிவு.

எங்கள் வாக்குகள் ஏப்ரலில் பதிவாகி ஜூன் நான்கில் எண்ணப்படும் என்று நான் சொன்னபோது திடுக்கிட்டுப் போனார். ஆறு வாரம் யார் காவல் என்று கேட்டார். போலீஸ் காவல், கட்சிக்காரர்களும் வாசலில் பாய் போட்டுக் கிடப்பார்கள் என்றேன். அந்தப் பாயைக் கேட்டதும்தான் சமாதானமானார்.

ஞாயிற்றுக்கிழமை என்னோடு சேர்ந்து வாக்கெடுப்பை நடத்த வரச் சொல்லி ரெஜினா கேட்டாள். காலினா தலையை ஆட்டி மறுத்துவிட்டார்.

சனி, காலை 9.00

பல்லரோ சந்தையில் வங்காளிக் கடையொன்றில் பெரிய அட்டைப்பெட்டிகள் இரண்டு வாங்கினோம். மறைப்புக்கு. ஆலிவ் காய் விற்பவர் மூடியுள்ள ஒளிபுகும் பிளாஸ்டிக் பெட்டி ஒன்றைக் கழுவிக் கொடுத்தார். கடலைமாவு வறுவலை ரொட்டியில் வைத்து இரண்டு யூரோவுக்குத் தின்றுகொண்டிருந்தபோது ரெஜினாவின் தொலைபேசி அடித்தது. காலினா. சீட்டில் எத்தனை வரி என்று மட்டும் கேட்டாராம். இரண்டு என்று சொன்னதும், மூன்றாவது வரி இல்லாத சீட்டுக்குத் தான் வர முடியாது என்றிருக்கிறார். ரெஜினா நடுத்தெருவில் நின்று சிரித்தாள்.

மாலையில் லூர்து அண்ணரைப் பார்த்து, ‘இருவரும் வேண்டாம்’ என்ற வரியைச் சேர்க்கச் சம்மதம் கேட்டேன். அறுபது வயதிருக்கும், ஹோட்டல் ஒன்றில் இரவுக் காவல் பணி. நன்றாக இஸ்திரி போட்ட சட்டை. என்னை உட்காரச் சொல்லிக் காப்பி கொடுத்தார்.

“போடுங்கோ டீச்சர். எனக்கு ஒளிக்க ஒண்டுமில்லை. பதினாலு வருசம் நான் ஓடித் திரிஞ்சது சனத்துக்குத் தெரியும்,” என்றார். தோற்றுவிடுவோம் என்ற எண்ணமே அவருக்கு இல்லை. எனக்கு அவரைப் பிடித்திருந்தது.

ஞாயிறு, பகல் 11.45

பூசை முடிந்து தேவாலய மண்டபம் நிறைந்தது. காலினாவை மகள் காரில் கொண்டுவந்து இறக்கினார். கறுப்புக் கோட்டு, சீவி முடிந்த தலை. வந்ததும் வெற்றுப் பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்து எல்லாருக்கும் காட்டினார். மறைப்பை நான் வைத்திருந்த மூலை சரியில்லை என்று மகளைக் கொண்டு நகர்த்த வைத்தார். பெட்டி அவர் பொறுப்பு, பதிவேடு என் பொறுப்பு. உறுப்பினர் பெயரைப் பார்த்து, கையெழுத்து வாங்கி, சீட்டைக் கொடுப்பது என் வேலை. தூக்கத்திலும் செய்வேன்.

முதலில் லூர்து அண்ணர் போட்டார், பிறகு ரெஜினா. ஞாயிறு விடுப்பில் வந்திருந்த பெண்கள் வரிசையில் நின்றார்கள். சிலர் மறைப்புக்குள் போகும் முன் ஒருமுறை திரும்பிப் பார்த்தார்கள், தங்கள் பின்னால் யாராவது வருகிறார்களா என்று. யாரும் வரவில்லை. ஒன்றரை மணிக்கு முடித்தோம்.

காலினா ஒவ்வொரு சீட்டையும் விரித்து, உயர்த்திக் காட்டி, படிக்க என்னிடம் நீட்டினார். ரெஜினாவுக்கு நாற்பத்தொன்பது. லூர்து அண்ணருக்கு நாற்பத்தாறு. இருவரும் வேண்டாம், மூன்று. மொத்தம் தொண்ணூற்றெட்டு.

பதிவேட்டில் தொண்ணூற்றேழு கையெழுத்து.

மூன்று முறை எண்ணினேன். மண்டபத்தில் பேச்சு எழுந்தது. லூர்து அண்ணர் பக்கத்தினர் மீண்டும் நடத்தச் சொன்னார்கள். ரெஜினாவின் ஆட்கள், ஒரு தாள் கூடுதலாக இருப்பதால் முடிவு மாறப் போவதில்லை, வராத ஒருவரின் பெயருக்கு எதிரே ஒரு கையெழுத்துப் போட்டுவிடலாம் என்றார்கள். ஒருவர் பேனாவையே எடுத்துவிட்டார்.

காலினா பதிவேட்டின் மேல் உள்ளங்கையை வைத்தார். இத்தாலிய மொழியில் மெதுவாக ஏதோ சொன்னார். ரெஜினா மொழிபெயர்த்தாள்.

“இருக்கிறதைத்தான் எழுத வேணுமாம். கையெழுத்து தொண்ணூற்றேழு, தாள் தொண்ணூற்றெட்டு. அப்பிடி எழுதினா தான் கையெழுத்து வைப்பாவாம். மாத்தினா வைக்க மாட்டாவாம்.” பிறகு தன் ஆட்களைப் பார்த்து, தன் குரலில் சொன்னாள்: “நானும் வைக்க மாட்டன்.”

அப்போது பின்வரிசையிலிருந்து டயானா என்ற இளந்தாய் எழுந்து வந்தாள். தோளில் ஆறு மாதக் குழந்தை. பதிவேட்டில் தான் கையெழுத்து வைக்கவில்லை என்றாள். எனக்கு நினைவு வந்தது. குழந்தை வீறிட்டு அழுதது. நான்தான் அதைக் கையில் வாங்கிக்கொண்டு சீட்டைக் கொடுத்து அவளை உள்ளே அனுப்பினேன். பேனாவை நீட்ட மறந்துபோனேன். அவள் பெயருக்கு எதிரே வெற்றிடம். ஒன்பது தேர்தல் பார்த்தவளின் லட்சணம் அது.

இப்போது போடட்டுமே என்று பலர் சொன்னார்கள். காலினா அதற்கும் இணங்கவில்லை. எண்கள் அப்படியே இருக்க, கீழே நடந்ததை எழுதச் சொன்னார். எழுதினேன்: கைக்குழந்தையோடு வந்த வாக்காளரிடம் கையெழுத்து வாங்கத் தவறியது பதிவேட்டுப் பொறுப்பாளரின் கவனக்குறைவு. அதன் கீழே என் பெயர். எத்தனையோ படிவங்களில் களைப்போடு கையெழுத்திட்டிருக்கிறேன். ஒரு தாளை முழுக்கப் படித்துவிட்டுக் கையெழுத்திட்டது அன்றுதான்.

ரெஜினா போட்டாள். தாள் லூர்து அண்ணரிடம் போனது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு, மேலிருந்து கீழ்வரை உரக்கப் படித்தார், என் கவனக்குறைவு உட்பட.

“சரியாத்தான் எழுதியிருக்கு,” என்று சொல்லிக் கையெழுத்திட்டார். பிறகு ஒரு நாற்காலியில் போய் உட்கார்ந்தார். ரெஜினா போய் அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். குவெஸ்தூரா என்னும் குடிவரவுப் போலீஸ் அலுவலகத்தில் யாரைப் பார்க்க வேண்டும் என்று அவர் அவளுக்குச் சொல்லத் தொடங்கியதை நான் என் மேசையிலிருந்து கேட்டேன்.

கடைசிக் கையெழுத்து காலினாவுடையது. பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு தேர்தல் தாளில் தன் பெயரை, தந்தை பெயரோடு சேர்த்து, ரஷ்ய எழுத்தில் நிதானமாக எழுதினார். இன்னொரு பிரதி எடுக்கச் சொல்லி, அதைத் தானே கதவில் ஒட்டினார். எட்டவில்லை, நானும் டயானாவும் மேல் மூலைகளைப் பிடித்துக்கொண்டோம். ஒட்டி முடித்ததும் அவர் என் தோளில் சாய்ந்து அழுதார். சாப்பிட்டாயிற்றா என்று தமிழில் கேட்டேன். புரிந்ததுபோல் தலையசைத்தார். எங்கள் இருவருக்கும் நல்ல பசி.

செவ்வாய், காலை 7.50

விமான நிலையம்வரை வருவதாகச் சொல்லி ரெஜினா அரை நாள் விடுப்பு எடுத்திருந்தாள். மத்திய நிலையத்தில் ரயிலேறி உட்காரும் முன்பே அவள் தொலைபேசி அடித்தது. பேசி முடித்து வைத்ததும் மறுபடி. இரண்டாவது அழைப்பு ஒரு பெண்ணுடையது. ஒன்பது மணிக்குக் குவெஸ்தூராவுக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள், துணைக்கு ஆளில்லை, படிவத்தில் ஒரு பக்கம் புரியவில்லை.

ரெஜினா என்னைப் பார்த்தாள். போ என்றேன். வழியிலிருந்த நோதர்பார்த்தோலோ நிலையத்தில் அவசரமாக என்னைக் கட்டிக்கொண்டு இறங்கினாள். “கோவிக்காதை, போய்ச் சேந்ததும் போன் எடு,” என்று நடைமேடையிலிருந்து சொன்னாள். கதவு மூடுவதற்குள் தொலைபேசியைக் காதில் வைத்துக்கொண்டு படியிறங்கத் தொடங்கிவிட்டாள்.

எங்கள் ஊரில் ஜெயித்தவரை வீட்டில் பார்க்கக்கூட முடியாது என்று பலரும் குறைப்படுவார்கள், நானும் குறைப்பட்டிருக்கிறேன். இங்கே வென்றவள் இரண்டே நாளில், என்னை நடுவழியில் விட்டுவிட்டு, தன்னைத் தேர்ந்தெடுத்தவர்களில் ஒருத்தியிடம் போய்விட்டாள். அந்தப் பெண் அவளுக்குத்தான் வாக்களித்தாளா என்று அவளுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. மீதி வழியெல்லாம் கடலைப் பார்த்தபடி தனியாகப் போனேன். அவ்வளவு நிறைவான தனிப்பயணம் எனக்கு வாய்த்ததில்லை.