அலமாரிக்குக் கிடைத்த கைத்தட்டல்

விபத்து இழப்பீட்டு அலுவலகத்தில் பதினோரு வருடம் குமாஸ்தாவாக இருந்தவர் அவர். யாருக்கு எங்கே எப்படி அடிபட்டது என்று எழுதுவதுதான் வேலை. "முழங்கை கதவுப்பிடியில் மோத, உடல் அரைவட்டம் சுழன்று, இடுப்பு மேசை விளிம்பில் பட்டது" என்று துல்லியமாக எழுதுவார். மாடிப்படியில் உருண்டு காலை உடைத்துக்கொண்ட ஒரு படத் தயாரிப்பாளர், தன் கோப்பைப் படித்துவிட்டு வாயைப் பிளந்தார்.

"நான் விழுந்தது இவ்வளவு அழகா இருந்துச்சா சார்? நமக்கு ஒரு குங்ஃபூ படம் எழுதுங்க."

எழுதினார். மூன்று படங்கள் ஓடின. 'அடி ரைட்டர்' என்ற பெயரும் ஒட்டிக்கொண்டது. நான்காவதை அவரையே இயக்கச் சொன்னார்கள். பிறந்ததிலிருந்து யார் மேலும் கைநீட்டாத மனிதர், கேமரா பக்கத்தில் நின்று "மெதுவா, மெதுவா" என்று பதறுவார்.

கடைசிச் சண்டைக்கு முதல்நாள் வந்தது வம்பு. தன் மேல் ஒரு அடிகூட விழக்கூடாது என்று கதாநாயகனின் ஒப்பந்தத்தில் ஒரு வரி. வில்லன் ஒப்பந்தத்தை எடுத்தால் அதிலும் அதே வரி, அதே எழுத்துப் பிழையோடு.

"அப்ப யாரை யார்தான் அடிக்கிறது?" என்று அடி ரைட்டர் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

செட் போட வந்திருந்த தச்சர் அவருடைய மச்சான், மனைவியின் தம்பி. "எதுக்கு மாமா மண்டையை உடைச்சுக்கிறீங்க? நாற்காலியை உடைங்க. அதுக்கு ஒப்பந்தம் கிடையாது."

அப்படியே எழுதினார். கதாநாயகன் நாற்காலியை உதைக்க, வில்லன் பதிலுக்கு மேசையைப் பிளக்க, ஒருவரையொருவர் முறைத்தபடியே இருவரும் ஒரு வீட்டைத் தரைமட்டமாக்கினார்கள். அலமாரி மட்டும் அசையவில்லை. ஒரே உதையில் பிளக்கும்படி தக்கையில் செய்ய வேண்டியதை மச்சான் பழக்கதோஷத்தில் தேக்கில் இழைத்துவிட்டிருந்தார். உதைத்து உதைத்து இருவரும் அதன் காலடியில் சுருண்டு விழுந்தார்கள். கட் சொல்ல இயக்குநருக்கு மனசு வரவில்லை.

தியேட்டரில் அலமாரிக்குக் கைத்தட்டல் பிய்த்துக்கொண்டு போனது. அடுத்த படத்துக்குத் தயாரிப்பாளர் முதலில் பேசி வைத்தது அலமாரியைத்தான். போஸ்டரில் மனிதர்கள் தபால்தலை அளவுக்குச் சுருங்கினார்கள்.

கதாநாயகன் வீடு தேடி வந்துவிட்டார். "சார், ஒரே ஒரு அடி வாங்கிக்கிறேன். எங்கம்மா படம் பாத்துட்டு, 'நீ எங்கடா இருந்தே'ன்னு கேக்கறாங்க."

முதலில் அடிபட்டது ஒப்பந்தத்தின் அந்த வரி. பிறகு ஒரு அறை எழுதினார். அடி வாங்குகிறவருக்குத்தான் கைத்தட்டல் போகும் என்று வில்லன் அறைய மறுத்துவிட்டதால், கதாநாயகனின் அம்மாவையே நடிக்கக் கூப்பிட்டார்கள். ஆறு டேக் போனது. முதல் டேக்கே சரியாக வந்துவிட்டதாக இயக்குநர் சொல்லிப் பார்த்தார். அம்மாவுக்குத்தான் திருப்தி வரவில்லை.